றோஸ்ட் கோழிக்குத் தோடம்பழப் பாணி: விலையைக் குறைக்காமல் விற்க ஒரு வழி

ஒரே பொருளை, ஒரே ருசியில், ஒரே தெருவில் ஐந்து பேர் விற்றால் ஆறாவதாக வந்து உட்காருவது விலைக்குறைப்புத்தான். துணிக்கடைக்கும் இது பொருந்தும், பலசரக்குக் கடைக்கும் பொருந்தும். நமது ஊர்களில் இன்று மிக அதிகமாகப் பொருந்துவது றோஸ்ட் கோழிக் கடைகளுக்கு என்பது எனது எண்ணம்.

அக்கரைப்பற்றிலிருந்து கல்முனை வரை மஃரிபுக்குப் பின்னர் பிரதான வீதியால் வந்து பாருங்கள். கண்ணாடிப் பெட்டிக்குள் கம்பியில் கோர்த்த கோழிகள் சுற்றிக் கொண்டிருக்கும். சம்மாந்துறையிலும் அதுதான், எங்கள் இறக்காமத்திலும் அதுதான். மத்திய கிழக்கில் வேலை செய்து விட்டு வந்த நமது பிள்ளைகள் அங்கே கண்ட தொழிலை இங்கே கொண்டு வந்தார்கள். அது நல்ல விடயம். ஆனால் எல்லோரும் கொண்டு வந்தது ஒரே மெஷின், ஒரே மசாலா, பக்கத்தில் வைக்கும் ஒரே வெள்ளைப்பூட்டுச் சோஸ். வாடிக்கையாளருக்கு வித்தியாசமாகத் தெரிவது விலைப்பலகை ஒன்றுதான். எங்கே ஐம்பது ரூபா குறைவோ அங்கே போகிறார்.

நான் சமையற்காரன் அல்லன், பலசரக்கு வியாபாரி. மிளகு, கறுவா, ஏலம், சீனி விற்பவன். ஆகவே கடைக்காரர்களின் கஷ்டம் என்னுடைய கடனேட்டில் முதலில் தெரிந்து விடும். சில காலத்துக்கு முன்னர் என்னிடம் மசாலாச் சாமான் எடுக்கும் ஒரு தம்பி, மாதக் கணக்கை அரைவாசி மட்டும் கட்டி விட்டுச் சொன்னார்: “காக்கா, முன்னால இருக்கிற கடையில முழுக்கோழிக்கு நூறு ரூபா குறைச்சிட்டாங்க. நானும் குறைச்சா கேஸ் காசும் மிஞ்சாது. குறைக்காட்டி கோழி மிஞ்சுது.”

இரண்டு வழியிலும் நட்டம். இந்த நிலையில் இருப்பவர் அவர் ஒருவர் மாத்திரம் அல்லர். நான் சொன்னேன்: “தம்பி, கோழிய மாத்த ஏலாது. கோழிக்கு மேல பூசுறத மாத்தலாம்.”

அப்படி மாற்றியதைப் பற்றித்தான் இந்த வாரம் எழுதுகிறேன். ஆங்கிலச் சமையலில் இதனை ‘சிட்ரஸ் கிளேஸ்’ என்பார்கள். நமது பேச்சில் ‘தோடம்பழப் பாணி’ என்றால் போதும். பழச்சாற்றைச் சீனியோடு வற்றக் காய்ச்சி, வேகும் இறைச்சியின் மேல் கடைசி நேரத்தில் பூசுவது. அது மேலே படர்ந்து, பளபளத்து, இனிப்பும் புளிப்புமாக ஒரு தோல் போல ஒட்டிக் கொள்ளும். கண்ணாடிப் பெட்டிக்குள் பார்க்கும்போதே அந்தக் கோழி மற்றக் கோழிகளிலிருந்து வேறாகத் தெரியும். வியாபாரத்தில் முதலில் விற்பது கண்ணுக்குத்தானே.

இது வெளிநாட்டுச் சரக்கா?

“இது வெள்ளைக்காரன் சாப்பாடு, நமது ஊரில் யார் வாங்குவார்?” என்று சிலர் கேட்கலாம். இறைச்சியும் நாரத்தை இனப் பழங்களும் சேர்ந்த சமையல் எங்கிருந்து எங்கே போனது என்று பார்த்தால் அந்தக் கேள்வி நிற்காது.

‘ஒரேஞ்ச்’ என்ற சொல்லையே எடுத்துக் கொள்ளுங்கள். நமது ‘நாரத்தை’ என்ற சொல்லின் உறவுச் சொல் அது என்பது மொழியறிஞர்கள் பலரின் கருத்து. தென்னிந்திய மொழிகளிலிருந்து வடமொழிக்கு ‘நாரங்க’ என்று போய், பாரசீகத்தில் ‘நாரங்’ ஆகி, அரபியில் ‘நாரன்ஜ்’ ஆகி, ஸ்பானிய மொழியில் ‘நரன்ஹா’ ஆகி, முதலெழுத்தை இழந்து, கடைசியில் ஆங்கிலத்தில் ‘ஒரேஞ்ச்’ ஆனது. சொல்லோடு சேர்ந்து மரமும் போனது. கசப்பு ஒரேஞ்சை மேற்கே சிசிலிக்கும் ஸ்பெயினுக்கும் கொண்டு சென்றவர்கள் அரபு முஸ்லிம்கள். அவர்கள் இஷ்பீலியா என்று அழைத்த செவில் நகரம் 1248ஆம் ஆண்டு அவர்களது கையை விட்டுப் போனது. ஆனாலும் அந்த நகரத்தின் வீதிகளில் இன்றும் கசப்பு ஒரேஞ்ச் மரங்கள் வரிசையாக நிற்கின்றன. பாணுக்குப் பூசிச் சாப்பிடும் மாமலேட் அந்தப் பழத்தில் செய்யப்படுவதுதான்.

சமையலும் அப்படியே. முஹம்மத் இப்னுல் ஹஸன் அல் பக்தாதி என்பவர் 1226ஆம் ஆண்டு பக்தாதில் எழுதிய ‘கிதாபுத் தபீக்’ என்ற சமையல் நூலில், நாரன்ஜ் சாறு சேர்த்துச் சமைக்கும் இறைச்சிக்கு ‘நாரன்ஜிய்யா’ என்றே பெயர். அதில் ஒரு சிறிய அறிவுரை உண்டு. பழத்தை ஒருவர் தோலுரிக்க வேண்டும், இன்னொருவர் பிழிய வேண்டும். காரணம் நமக்குத் தெரிந்ததுதான்: தோலுரித்த கையில் கசப்பு எண்ணெய் ஒட்டியிருக்கும், அதே கையால் பிழிந்தால் சாறும் கசக்கும். ஏறத்தாழ எண்ணூறு வருடங்களுக்கு முந்திய இந்த விதி இன்றைய கடைக்கும் செல்லும்.

பிற்காலத்தில் பிரான்ஸ் நாட்டவர் வாத்தையும் கசப்பு ஒரேஞ்சையும் சேர்த்துச் செய்த உணவு உலகப் புகழ் பெற்றது. அமெரிக்காவில் ‘பண்டா எக்ஸ்பிரஸ்’ என்ற சீன உணவு நிறுவனத்தின் சமையற்காரர் ஒருவர் 1987ஆம் ஆண்டு ஹவாயில் ‘ஒரேஞ்ச் சிக்கன்’ என்ற ஒன்றைச் செய்தார். அது பொரித்த கோழியில் புரட்டும் சோஸ், நாம் பேசும் பாணி அல்ல. ஆனால் அந்த நிறுவனம் இன்று விற்கும் உணவுகளில் முதலிடம் அதற்குத்தான். பொரித்த கோழி எல்லாக் கடையிலும் இருந்தது. அவர்கள் மாற்றியது மேலே இருந்த சோஸை மட்டுமே. நமக்கு வேண்டிய பாடம் அதில் இருக்கிறது.

பழம் நமக்குப் பக்கத்தில்

இந்தப் பாணிக்கு இறக்குமதிப் பழம் வேண்டியதில்லை. 2022ஆம் ஆண்டு டொலர் நெருக்கடி வந்தபோது இறக்குமதிப் பழத்தை நம்பியிருந்தவர்கள் பட்டபாடு எல்லோருக்கும் ஞாபகமிருக்கும். அம்பாறையிலிருந்து உகணை, மகாஓயா வழியாகப் போனால் பிபிலை. இலங்கையில் தோடம்பழத்துக்குப் பேர் போன இடம் அது. விவசாயத் திணைக்களம் சிபாரிசு செய்யும் தோடை இனங்களில் ஒன்றின் பெயரே ‘பிபிலை ஸ்வீட்’ என்பதாகும்.

நமது தோடம்பழத்துக்கு ஒரு குறை சொல்வார்கள்: தோல் பச்சையாக இருக்கிறது, பழுக்கவில்லை என்று. அது குறையல்ல. தோடம்பழத்தின் தோல் மஞ்சளாவதற்கு இரவில் நல்ல குளிர் வேண்டும். நமது வெப்பமான பகுதிகளில் அந்தக் குளிர் இல்லாததால் உள்ளே பழுத்தாலும் வெளியே பச்சையாகவே இருக்கும். மேசையில் வைத்து விற்பவருக்கு அது பிரச்சினை. பிழிந்து காய்ச்சுபவருக்கு அது இலாபம். பார்வைக்கு எடுபடாத பழத்தை அவர் குறைந்த விலைக்கு வாங்கலாம். சிறிய காய், தோலில் தழும்பு உள்ளது, அளவில் ஒத்துவராதது எல்லாம் பாணிக்கு நல்லவை. அழுகல் மட்டும் கூடாது. கையில் பாரமாக இருக்கிறதா என்று பாருங்கள். பாரமான பழத்தில் சாறு இருக்கும்.

தோடம்பழம் இனிப்பையும் மணத்தையும் தரும். ஆனால் இறைச்சிக்கு அந்தப் புளிப்புப் போதாது. அதற்குத் தேசிக்காய் வேண்டும். இரண்டையும் சேர்த்தால்தான் ருசி நிமிரும்.

பத்துக் கோழிக்கு அளவு

தோடம்பழச் சாறு 1 லீற்றர் (ஏறத்தாழ இரண்டரைக் கிலோ பழம்), சீனி 200 கிராம், இஞ்சி 15 கிராம், வெள்ளைப்பூடு 10 கிராம், கறுவாப்பட்டை ஒரு துண்டு, மிளகுத்தூள் ஒரு தேக்கரண்டி, இடித்த கொச்சிக்காய் ஒரு தேக்கரண்டி, உப்பு ஒரு தேக்கரண்டி, தேசிக்காய்ச் சாறு 50 மில்லிலீற்றர். சீனியில் பாதிக்குக் கித்துள் பாணி சேர்த்தால் ருசி ஒரு படி கூடும், செலவும் கூடும். நாளாந்த விற்பனைக்குச் சீனி போதும். கல்யாண ஓடருக்குக் கித்துள் சேர்க்கலாம்.

முதலில் இரண்டு மூன்று பழத்தின் வெளித்தோலை மட்டும் மெல்லியதாகத் திருவி எடுத்து வைக்க வேண்டும். அதன் கீழே உள்ள வெள்ளைப் பகுதி வரக் கூடாது. கசப்பு அங்கேதான் இருக்கிறது. பிறகு பழங்களைக் குறுக்கே வெட்டி, கையாலோ பிழியும் கருவியாலோ பிழிய வேண்டும். வேலை சீக்கிரம் முடியும் என்று முழுப்பழத்தையும் பிளெண்டரில் போட்டு அடிப்பவர்கள் உண்டு. விதை உடைந்து, வெள்ளைத் தோல் அரைந்து, காய்ச்சக் காய்ச்சக் கசப்பு ஏறும். பிழிந்தவுடன் குடித்துப் பார்த்தால் அந்தக் கசப்புத் தெரியாது. அடுப்பில் வைத்த பிறகுதான் வெளியே வரும். அப்போது எவ்வளவு சீனி போட்டாலும் அது மறையாது.

வடித்த சாற்றை வாய் அகன்ற எவர்சில்வர் பாத்திரத்தில் ஊற்றிச் சீனி, இஞ்சி, வெள்ளைப்பூடு, கறுவா, மிளகு, கொச்சிக்காய், உப்பு சேர்த்துக் காய்ச்ச வேண்டும். அலுமினியச் சட்டி வேண்டாம். புளிப்பு அலுமினியத்தைத் தின்னும், பாணியில் உலோக வாடை வரும். வாய் அகன்ற பாத்திரம் என்றால் நீர் சீக்கிரம் வற்றும், கேஸும் மிச்சம். 400 மில்லிலீற்றர் அளவுக்கு வற்றியதும் இறக்கி வடித்து, சூடு சற்றுத் தணிந்த பின்னர் தேசிக்காய்ச் சாற்றையும் திருவிய தோலையும் சேர்க்க வேண்டும். ஆரம்பத்திலேயே சேர்த்தால் தேசிக்காயின் புதிய மணம் ஆவியோடு போய் விடும். கையில் மிஞ்சுவது 450 மில்லிலீற்றர் பாணி. கோழி ஒன்றுக்கு 45 மில்லிலீற்றர் வீதம் பத்துக் கோழிக்குப் போதும்.

பதம் பார்ப்பது இலகு. கரண்டியின் பின்புறத்தைத் தோய்த்து நடுவில் விரலால் ஒரு கோடு இழுங்கள். கோடு மூடாமல் நின்றால் சரி. அதற்கு மேல் காய்ச்ச வேண்டாம். ஆறினால் இன்னும் தடிக்கும், கோழியின் சூட்டில் இன்னும் வற்றும். புளிப்போடு சேர்ந்து காய்கின்ற சீனியில் ஒரு பகுதி தன் தன்மை மாறி, திரும்பக் கற்கண்டு போல உறையாமல் வழவழப்பாக நிற்கும். பளபளப்பின் இரகசியம் அதுதான்.

கடைசிப் பத்து நிமிடம்

நான் சொன்ன தம்பி முதல் நாள் மூன்று கோழிகளைக் கருக்கி விட்டார். பாணி பிழையில்லை, பூசிய நேரம்தான் பிழை. மசாலா பூசுவது போல ஆரம்பத்திலேயே பூசி மெஷினில் ஏற்றி விட்டார். வெளியே கரி, உள்ளே பச்சை.

காரணத்தை விளங்கிக் கொண்டால் இந்தத் தவறு யாருக்கும் வராது. நாம் சமைக்கும் சீனி ஏறத்தாழ 160 முதல் 170 பாகை செல்சியஸில் நிறம் மாறிக் கருகத் தொடங்கும். பழத்தில் இருக்கும் பழவெல்லம் இன்னும் குறைந்த சூட்டிலேயே நிறம் மாறும். கோழி வேகும் அடுப்போ 180 பாகைக்கு மேல். அங்கே ஒரு மணித்தியாலத்துக்கு மேல் சுற்றும் கோழியில் ஆரம்பத்திலேயே சீனியைப் பூசினால் அது எப்படித் தப்பும்?

ஆகவே கோழியை வழமை போல உப்பும் மசாலாவும் போட்டு ஊற வைத்து, வழமை போலச் சுட வேண்டும். முக்கால்வாசிக்கு மேல் வெந்து, தோல் காய்ந்து நிறம் எடுத்து, இன்னும் பத்துப் பதினைந்து நிமிடம்தான் இருக்கிறது என்ற நேரத்தில் முதல் பூச்சு. நான்கைந்து நிமிடம் கழித்து இரண்டாவது. இறக்குவதற்கு இரண்டு நிமிடம் முன்னர் மூன்றாவது. ஒரேயடியாகத் தடிப்பாகப் பூசினால் வழிந்து கீழே தட்டில் விழும். கீழே விழுவது உங்களது காசு. மெல்லிய மூன்று பூச்சு ஒன்றின் மேல் ஒன்று ஒட்டும்.

தோல் ஈரமாக இருந்தால் பாணி ஒட்டாது என்பதையும் கவனத்திற் கொள்ளுங்கள். ஊறிய கோழியைக் கம்பியில் கோர்ப்பதற்கு முன்னர் நீர் வடிய விட வேண்டும். கரி அடுப்பில் சுடுபவர்கள் பூசும் நேரத்தில் கோழியை நேர்ச் சுவாலையிலிருந்து சற்று விலக்க வேண்டும். பாணியும் கொழுப்பும் சொட்டினால் தீ எழும்பித் தோல் கருகும்.

மேலே நிறம் வந்து விட்டது என்பதற்காக இறக்கி விடவும் கூடாது. பாணி பூசிய கோழி வேகும் முன்னரே வெந்த நிறத்தைக் காட்டும். இறைச்சிக்குள் குத்திப் பார்க்கும் வெப்பமானி ஒன்றை வாங்கி வையுங்கள். தொடையின் தடித்த பகுதியில், எலும்பில் படாமல் குத்தினால் 74 பாகை காட்ட வேண்டும். ஒரு வாடிக்கையாளருக்கு வயிற்றுக் குழப்பம் வந்தால் ஊருக்குள் கடைக்கு ஏற்படும் நட்டம் அந்த வெப்பமானியின் விலையைப் போலப் பல மடங்கு.

கணக்கு

இப்போது நமது விடயத்துக்கு வருவோம். கணக்கு விளங்குவதற்காக ஒரு விலையை வைத்துக் கொள்வோம். நீங்கள் உங்கள் ஊர்ச் சந்தை விலையைப் போட்டுப் பாருங்கள்.

தோடம்பழம் கிலோ 400 ரூபா என்றால் இரண்டரைக் கிலோவுக்கு 1,000 ரூபா. தேசிக்காய் கிலோ 500 ரூபா என்றால் 200 கிராமுக்கு 100 ரூபா. சீனி 50 ரூபா. இஞ்சி, பூடு, மசாலாச் சாமான் 150 ரூபா. கேஸ் 200 ரூபா. மொத்தம் 1,500 ரூபா. பத்துக் கோழிக்குப் பிரித்தால் கோழிக்கு 150 ரூபா. பாணி பூசிய கோழியைச் சாதாரணக் கோழியை விட 250 ரூபா கூட்டி விற்றால் கோழிக்கு 100 ரூபா மேலதிகமாக மிஞ்சும். அதிலிருந்து காய்ச்சுபவரின் கூலியைக் கழிக்க மறக்க வேண்டாம். நமது கடைகளில் வீட்டு ஆட்கள் செய்யும் வேலையைக் கணக்கில் எழுதாமல் விடுவது ஒரு பழக்கம். எழுதாத செலவும் செலவுதான்.

இனி அதே கணக்கைப் பழம் விலை ஏறிய காலத்துக்குப் போட்டுப் பார்ப்போம். தேசிக்காயின் குணம் உங்களுக்குத் தெரியும். ஒரு பருவத்தில் வாங்க ஆளில்லாமல் மரத்தடியில் கிடக்கும். இன்னொரு பருவத்தில் கிலோ ஆயிரம் ரூபாவைத் தாண்டிப் போகும். கிலோ 2,000 ரூபா என்று வைத்துக் கொண்டால் 200 கிராமுக்கு 400 ரூபா. கோழிக்கு 150 ரூபாவாக இருந்த செலவு 180 ரூபாவாகும். அதைத் தாங்கலாம். தோடம்பழமும் கிலோ 800 ரூபாவுக்கு ஏறினால்? கோழிக்கு 280 ரூபா. நாம் கூட்டி விற்றதோ 250. ஒவ்வொரு கோழிக்கும் கையிலிருந்து 30 ரூபா போகிறது. கடையில் கூட்டம் இருக்கும், பெட்டியில் காசு இருக்காது. பல கடைகள் மூடப்படுவது வாடிக்கையாளர் வராததால் அல்ல, இந்த மாதிரிக் கணக்குப் பார்க்காததால்.

இதற்கு வழி பருவத்தில் வாங்கிக் காய்ச்சி வைப்பது. பழமாக வைத்தால் அழுகும். சாறாக வைத்தால் புளிக்கும், இடமும் பிடிக்கும். பாணியாக வற்றக் காய்ச்சி வைத்தால் ஒரு லீற்றர் சாறு அரை லீற்றருக்கும் குறைந்த இடத்தில் அடங்கி விடும். ஒரு நாளைக்குத் தேவையான அளவாகச் சிறிய டப்பாக்களில் ஊற்றி, திகதி எழுதி ஃபிரீசரில் வைத்தால் மூன்று மாதம் வரை மணம் கெடாமல் இருக்கும். தேசிக்காய்ச் சாற்றையும் ஐஸ் தட்டில் ஊற்றிக் கட்டியாக்கி வைத்துக் கொண்டு, பாணியை எடுத்துச் சூடாக்கிய பின்னர் சேர்க்கலாம். நெல் விலை இறங்கும்போது வாங்கிச் சேமித்து, ஏறும்போது விற்பதை நமது இறக்காமத்தில் சிறு பிள்ளைக்கும் சொல்லிக் கொடுக்க வேண்டியதில்லை. பழத்திலும் அதே புத்திதான்.

சாதாரண ஃபிரிட்ஜில் ஒரு வாரத்துக்கு மேல் வைக்க வேண்டாம். மேசை மேலே வைப்பது அறவே கூடாது.

கவனிக்க வேண்டிய சில

வெளிநாட்டுச் சமையற் குறிப்புகளைப் பார்த்துச் செய்பவர்கள் ஒரு விடயத்தில் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். ஒரேஞ்ச் சோஸ் என்று சொல்லப்படும் பல குறிப்புகளில் வைனோ ஒரேஞ்ச் மதுவோ சேர்க்கப்படுகிறது. போத்தலில் வரும் ஆயத்தச் சோஸ்களிலும் அது இருக்கக் கூடும். சிட்டையை முழுதாக வாசித்து, ஹலால் சான்றிதழ் இருக்கிறதா என்று பார்த்து வாங்க வேண்டும். “மது இல்லாமல் அந்த ருசி வராது” என்று சொல்பவர்களின் பேச்சை நம்ப வேண்டாம். மது அங்கே தருவது கொஞ்சம் புளிப்பும் பழ மணமும்தான். புளிப்பைத் தேசிக்காயும் மணத்தைத் திருவிய தோலும் தாராளமாகத் தரும்.

அடுத்தது பூசும் தூரிகை. பச்சை இறைச்சியில் மசாலா பூசிய தூரிகையைப் பாணிப் பாத்திரத்தில் போடக் கூடாது. கோழியில் பூசும்போது தேவையான அளவைச் சிறிய கிண்ணத்தில் ஊற்றி எடுங்கள். மிஞ்சியதைத் திரும்பப் பெரிய பாத்திரத்தில் ஊற்ற வேண்டாம். மேசையில் தொட்டுச் சாப்பிடக் கொடுக்கும் பாணி வேறாக இருக்கட்டும்.

நன்றாகப் போகிறதென்று கண்டு பாணியைப் போத்தலில் அடைத்துக் கடைகளுக்குப் போட நினைப்பவர்கள், 1980ஆம் ஆண்டின் 26ஆம் இலக்க உணவுச் சட்டத்தையும் அதன் கீழ் உள்ள சிட்டை விதிகளையும் மனதில் வைத்துக் கொள்ள வேண்டும். முதலில் உங்கள் பகுதிப் பொதுச் சுகாதாரப் பரிசோதகரைச் சந்தித்துப் பேசுங்கள். பொருளை அடைத்த பிறகு போவதை விட, அடைப்பதற்கு முன் போவது செலவு குறைவு.

கோழிக்கு மட்டுமா?

மாட்டிறைச்சிக்கும் ஆட்டிறைச்சிக்கும் இது பொருந்தும், அளவு மட்டும் மாறும். மாட்டிறைச்சிக்கு வாசம் அதிகம் என்பதால் மிளகையும் கறுவாவையும் கூட்டிச் சீனியைக் குறைக்க வேண்டும். நெஞ்செலும்புத் துண்டுகளை முதலில் மூடி வைத்து மெதுவாக நன்கு வேக வைத்து விட்டு, பிறகு அடுப்பில் வைத்துப் பாணி பூசிப் பத்து நிமிடம் வாட்டினால் போதும். ஆட்டுத் தொடைக்குத் தோடம்பழத்தை விடத் தேசிக்காயும் நாரத்தையும் எடுப்பு. நாரத்தைச் சாறு கசக்கும் என்பதால் நான்கில் ஒரு பங்குக்கு மேல் வேண்டாம். அந்த இலேசான கசப்புக் கொழுப்பின் திகட்டலை வெட்டும். பெருநாள் காலத்தில் வீடுகளில் இறைச்சி நிறைந்திருக்கும்போது றோஸ்ட் கடைக்கு வியாபாரம் குறையும். அந்த நாட்களில் பாணியை மட்டும் சிறிய டப்பாக்களில் விற்கலாம். இறைச்சி அவர்களுடையது, ருசி உங்களுடையது.

அந்தத் தம்பியின் கதையைக் கேட்பீர்கள். அவர் முழுக்கடையையும் ஒரே நாளில் மாற்றவில்லை. ஒரு நாளைக்கு ஐந்து கோழி மட்டும் பாணி பூசி, கண்ணாடிப் பெட்டியின் மேல் வரிசையில் வைத்தார். சாதாரணக் கோழியின் விலையை அவர் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. முதல் வாரம் ஐந்தில் இரண்டு மூன்றுதான் போனது. மிஞ்சியதைத் துண்டாக்கி, வந்தவர்களுக்கு ருசி பார்க்கக் கொடுத்தார். பிறகு பிள்ளைகள் கேட்கத் தொடங்கினார்கள். பிள்ளை கேட்டால் வாப்பா ஐம்பது ரூபாவைப் பார்க்க மாட்டார். இப்போது அவர் முன் கடையின் விலைப்பலகையைப் பார்ப்பதில்லை. என்னிடம் உள்ள கணக்கையும் முழுதாகக் கட்டி விட்டார். அதனால் எனக்கும் இலாபம் என்பதை மறைக்க வேண்டியதில்லை.

நாளைக்கு முன் கடைக்காரரும் இதே பாணியைப் பூசுவார். அது நடக்கும், அதைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம். அவர் பூசும்போது நீங்கள் பருவத்தில் காய்ச்சிய பாணி ஃபிரீசரில் இருக்கும், அவர் சந்தை விலைக்குப் பழம் வாங்குவார். உங்கள் கையில் அளவு எழுதிய ஏடு இருக்கும், அவர் கண்ணளவில் ஊற்றுவார். அந்த வித்தியாசத்தில் உங்களுக்கு ஒரு வருடம் கிடைக்கும். அந்த வருடத்துக்குள் அடுத்ததை யோசியுங்கள்.

இந்த வாரமே இரண்டரைக் கிலோ பழம் வாங்கி ஒரு முறை காய்ச்சிப் பாருங்கள். ஒவ்வொரு சாமானின் நிறையையும் விலையையும் ஒரு கொப்பியில் எழுதுங்கள். ஐந்து கோழியில் தொடங்குங்கள். பூசுவதைக் கடைசிப் பத்து நிமிடத்துக்கு வையுங்கள், கணக்கை முதல் நிமிடத்திலேயே போடுங்கள்.